தோற்ற அணியிலிருந்து தொடங்குங்கள்: பிரேசிலின் உள்ளூர்க் கால்பந்துக் கழகம் ஒன்றின் வரலாற்றை எழுதும் முறை

ஏற்காட்டில் ஆடி மாதத்து மாலைகளில் பனிமூட்டம் இறங்கிவிட்டால், இந்தப் பக்கத்துக் கோல் கம்பத்தடியில் நிற்பவருக்கு அந்தப் பக்கத்துக் கம்பம் தெரியாது. பந்து எங்கே விழுந்தது என்பதைச் சத்தத்தை வைத்துத்தான் கண்டுபிடிக்க வேண்டும். அப்படிப்பட்ட நாட்களில் பிள்ளைகளை வீட்டுக்கு அனுப்பிவிடுவது எளிது. நான் அனுப்புவதில்லை. பள்ளித் தாழ்வாரத்தில் உட்காரவைத்து, உலக வரைபடத்தை ஆணியில் மாட்டி, பிரேசிலில் ஓர் ஊர், அந்த ஊரில் ஓர் அணி என்று ஆரம்பித்துவிடுவேன். உடற்கல்வி ஆசிரியையாக இருபது வருடங்களுக்கு மேல் ஓடிவிட்டன. அவற்றில் ஒன்பது மழைக்காலங்கள் இந்தக் கதைகளோடு கழிந்திருக்கின்றன.

சேலத்திலிருந்து மாறுதலாகி வந்த ஓர் இளம் ஆசிரியர், "இதையெல்லாம் எப்படிச் சேர்த்தீர்கள்?" என்று கேட்டார். அவருக்குச் சொன்னதை விரிவாக இங்கே எழுதுகிறேன். போர்த்துகீசிய மொழி தெரிந்திருக்க வேண்டாம். நீளமான நோட்டு ஒன்று, கைப்பேசி ஒன்று, கொஞ்சம் பொறுமை. இவை இருந்தால் ஒரு மழைக்காலத்துக்குள் ஒரு கழகத்தின் வரலாறு உங்கள் கைக்கு வந்துவிடும்.

எந்தக் கழகம்?

பெலே ஆடிய சான்டோஸ் வேண்டாம், ரியோவின் ஃபிளமெங்கோவும் வேண்டாம். அவற்றின் வரலாற்றை எழுத ஆயிரம் பேர் இருக்கிறார்கள். எழுதி எழுதி மெருகேறிப்போன கதைகளில் நாம் கண்டுபிடிக்க ஒன்றும் மிச்சமிருக்காது. உங்கள் ஊரைப் போன்ற ஊர் ஒன்றைத் தேடுங்கள். அணி தானாகக் கிடைக்கும்.

எனக்குக் கிடைத்த ஊர் காம்பினாஸ். சாவோ பாவுலோ நகரத்திலிருந்து ஏறத்தாழ நூறு கிலோமீட்டர் உள்ளே இருக்கிறது. கடற்கரை கிடையாது, மாநிலத் தலைநகரமும் இல்லை. இப்படிப்பட்ட ஊர்களை அங்கே 'இன்டெரியோர்' என்று சொல்கிறார்கள். சென்னைக்காரர்கள் நம்மை 'வெளியூர்' என்று சொல்லும்போது குரலில் ஒரு சாயல் இருக்குமே, அதே சாயல் அந்தச் சொல்லிலும் உண்டு. காம்பினாஸ் காப்பியால் வளர்ந்த ஊர். சேர்வராயன் மலைக்குக் காப்பி வந்தது 1820-களில், சேலம் கலெக்டராக இருந்த காக்பர்ன் காலத்தில். என் அப்பா அந்தக் காப்பித் தோட்டங்களில் ஒன்றில் பழம் பறித்து, பல்பரில் போட்டு, களத்தில் காயவைத்து எங்களை வளர்த்தவர். காம்பினாஸ் தோட்டங்களைப் பற்றி முதன்முதலாகப் படித்தபோது, களத்தில் கொட்டை காயும் வாசனைதான் எனக்கு முதலில் வந்தது.

ஆனால் ஒற்றுமையைப் பார்த்த மகிழ்ச்சியில் வேற்றுமையை விட்டுவிடாதீர்கள். காம்பினாஸ் காப்பி அடிமைகளின் முதுகில் விளைந்தது. பிரேசிலில் அடிமை முறை சட்டப்படி ஒழிந்தது 1888 மே 13-இல்தான். அடுத்த ஆண்டே மஞ்சள் காய்ச்சல் அந்த ஊரைச் சூறையாடியது. பிழைத்தவர்களில் பலர் ஊரைக் காலி செய்துகொண்டு போனார்கள். அதிலிருந்து மீண்டதன் அடையாளமாக, சாம்பலிலிருந்து எழும் ஃபீனிக்ஸ் பறவையை நகரத்தின் சின்னத்தில் வைத்திருக்கிறார்கள். இவையெல்லாம் கால்பந்துக்குச் சம்பந்தமில்லாதவை என்று நினைக்க வேண்டாம். விடுதலை பெற்றவர்களின் பிள்ளைகள் பந்தாடத் தொடங்கிய ஊர் இது. நோட்டின் முதல் நான்கு பக்கங்களை ஊருக்கே ஒதுக்குங்கள். அணியின் பெயரே அதில் வரக் கூடாது.

பெயரை உடைத்துப் பாருங்கள்

ஐந்தாம் பக்கத்தில் அணியின் பெயரைப் பெரிதாக எழுதி, அதை அச்சாணியாக வைத்துக்கொள்ளுங்கள். காம்பினாஸில் இரண்டு அணிகள் உண்டு. நான் எடுத்துக்கொண்டது போன்டே பிரேட்டா. 'கறுப்புப் பாலம்' என்று பொருள்.

அது என்ன பாலம்? 1872 ஆகஸ்ட் 11-இல் ஜுண்டியாயி என்ற ஊரிலிருந்து காம்பினாஸுக்கு ரயில் வந்தது. காப்பி மூட்டைகளைத் துறைமுகத்துக்கு இறக்குவதற்காகப் போட்ட பாதை. அதற்காகக் கட்டிய மரப்பாலம் மழையில் உளுத்துப்போகாமல் இருக்கத் தார் பூசினார்கள். பாலம் கறுத்தது. பக்கத்தில் முளைத்த பேட்டைக்கும் கறுப்புப் பாலம் என்றே பெயர் வந்துவிட்டது. 1900 ஆகஸ்ட் 11-இல் அந்தப் பேட்டை இளைஞர்கள் ஓர் அணி தொடங்கினார்கள். பேட்டையின் பெயர் அணிக்கும் போயிற்று. சேலம் சூரமங்கலத்தில் ரயில்வே குடியிருப்புப் பிள்ளைகள் சேர்ந்து ஓர் அணி தொடங்கியிருந்தால் எப்படி இருந்திருக்குமோ, அப்படி.

அந்த முதல் அணியில் மிகெல் டோ கார்மோ என்ற கறுப்பின இளைஞர் இருந்தார். ரயில்வேயில் வேலை பார்த்தவர். பிரேசிலின் பெரிய நகரக் கழகங்கள் பல, கறுப்பின ஆட்டக்காரர்களைப் பல ஆண்டுகள் சேர்த்துக்கொள்ளாமல் இருந்தன என்பதையும், அடிமை முறை ஒழிந்து பன்னிரண்டு ஆண்டுகளே ஆகியிருந்தன என்பதையும் பக்கத்திலேயே எழுதிக்கொள்ளுங்கள். அப்போதுதான் அந்த ஒற்றைப் பெயரின் கனம் தெரியும்.

அடுத்து, பட்டப்பெயர். இதை யாரும் விட்டுவிடக் கூடாது. போன்டே பிரேட்டாவை 'மகாகா' என்று அழைப்பார்கள். பெண் குரங்கு என்று அர்த்தம். எதிரணி ரசிகர்கள் இந்த அணியின் கறுப்பின, ஏழை ரசிகர்களைக் குரங்குக் கூட்டம் என்று ஏசினார்கள். இவர்கள் அந்தச் சொல்லை வாங்கித் தங்கள் கொடியிலேயே வரைந்துகொண்டார்கள். ஊரின் இன்னோர் அணி குவாரனி. அதன் பட்டப்பெயர் 'புக்ரே'. அங்குள்ள பழங்குடி மக்களை வெள்ளைக்காரர்கள் இழிவாகச் சொன்ன சொல் அது. அதையும் அந்த ரசிகர்கள் பெருமையாக ஏற்றுக்கொண்டார்கள். வசவாக வந்த இரண்டு சொற்கள் ஒரே ஊரில் இரண்டு கொடிகளாகப் பறக்கின்றன.

இதைச் சொன்ன அன்று தாழ்வாரம் அமைதியாக இருந்தது. மலைக் கிராமத்திலிருந்து நடந்து வரும் ஒரு பெண், எங்கள் அணியின் இடது பின்கள ஆட்டக்காரி, நோட்டில் 'மகாகா' என்று எழுதி அதைச் சுற்றிப் பெட்டி போட்டாள். கீழே இறங்கி ஆடப் போன ஊர்களில் அவளை என்னென்ன சொல்லிக் கூப்பிட்டிருக்கிறார்கள் என்பது எனக்குத் தெரியும். நான் ஒன்றும் கேட்கவில்லை.

தேதிகளில் ஏமாறாமல் இருக்க

இங்கேதான் நான் பெரிய தவறு செய்தேன். 1986-ஆம் ஆண்டு பிரேசில் தேசியப் போட்டியின் இறுதியில் குவாரனி தோற்றது. அந்த இறுதி ஆட்டம் 1986-இல் நடந்தது என்றே மூன்று வருடம் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொண்டிருந்தேன். பத்தாம் வகுப்புப் பெண் ஒருத்தி கைப்பேசியில் பார்த்துவிட்டு, "டீச்சர், ஆட்டம் நடந்தது 1987 பிப்ரவரி 25 என்று போட்டிருக்கிறது" என்றாள். அவள் சொன்னதுதான் சரி. போட்டியின் ஆண்டு வேறு, ஆட்டம் நடந்த தேதி வேறு. பிரேசிலில் அட்டவணை இழுத்துக்கொண்டே போய் மறு ஆண்டில் முடிவது அந்தக் காலத்தில் சாதாரணம். அன்று முதல் என் நோட்டில் இரண்டு கட்டங்கள் இருக்கின்றன: 'போட்டியின் ஆண்டு' என்று ஒன்று, 'ஆடிய நாள்' என்று ஒன்று.

தொடங்கிய நாளிலும் இதே சிக்கல் வரும். குவாரனி தொடங்கப்பட்டது 1911 ஏப்ரல் 1-ஆம் தேதி. முட்டாள்கள் தினத்தில் பிறந்த அணி என்று கேலி வருமே என்பதற்காக ஏப்ரல் 2 என்று பதிவு செய்துகொண்டார்கள். இன்றுவரை பிறந்தநாள் கொண்டாட்டமும் ஏப்ரல் 2-இல்தான்.

'மிகப் பழைய கழகம்' என்று எங்கே படித்தாலும் பேனாவை நிறுத்துங்கள். ஃபிளமெங்கோ 1895-இல் தொடங்கியதுதான், ஆனால் படகு ஓட்டும் கழகமாக. அதில் கால்பந்து நுழைந்தது 1911-இல். இன்றும் ஆடிக்கொண்டிருக்கும் கால்பந்துக் கழகங்களில் மூத்தது, தெற்கே உள்ள ரியோ கிராண்டே என்ற அணி. 1900 ஜூலை 19-இல் தொடங்கியது. போன்டே பிரேட்டா அதைவிட 23 நாட்கள் இளையது. இந்த 23 நாள் வித்தியாசத்தைச் சரியாக எழுதுகிற ஆளை நம்பி மற்றதையும் படிக்கலாம்.

போட்டிகளின் அமைப்பையும் ஒருமுறை புரிந்துகொள்ள வேண்டும். நாடு பெரியது, பயணம் கடினம். அதனால் முதலில் மாநிலப் போட்டிகளே வளர்ந்தன. சாவோ பாவுலோ மாநிலப் போட்டி 1902-இல் தொடங்கியது. கழகங்களுக்கான தேசியக் கோப்பை 1959-இல்தான் வந்தது, இன்று நாம் அறிந்த தேசியச் சாம்பியன் போட்டி 1971-இல். 1959 முதல் 1970 வரையிலான கோப்பைகளையும் தேசியப் பட்டமாக ஏற்றுக்கொள்வதாக 2010-இல் பிரேசில் கால்பந்து சம்மேளனம் அறிவித்தது. 2010-க்கு முன் அச்சான பட்டியலில் ஓர் எண்ணிக்கையும் பின் வந்த பட்டியலில் வேறோர் எண்ணிக்கையும் இருப்பதற்குக் காரணம் இதுதான். பட்டியல் அச்சான ஆண்டைப் பார்க்காமல் எண்ணிக்கையை எடுக்காதீர்கள்.

பதினைந்து சொற்கள் போதும்

மொழிபெயர்ப்புச் செயலியை நம்பலாம், ஆனால் கண்ணை மூடிக்கொண்டு நம்பக் கூடாது. 'வீசி கம்பியாவ்' என்று வந்தால் அது துணைச் சாம்பியன் என்று தமிழில் வந்து விழும். இரண்டாம் இடம் என்பதுதான் பொருள். 'ஹெபைஷாதோ' என்றால் கீழ்ப் பிரிவுக்கு இறக்கப்பட்ட அணி. 'அசெசோ' மேல் பிரிவுக்கு ஏறுதல். 'எம்பாச்சி' சமநிலை. 'எஷ்புல்சோ' வெளியேற்றப்பட்டவர். 'ப்ரொஹொகசாவ்' கூடுதல் நேரம். ஒரு சொல்லின் தொடக்கத்தில் வரும் ரகரத்தை அவர்கள் ஹகரம் போல உச்சரிப்பார்கள். ரியோ என்பது அவர்கள் வாயில் ஹீயு. காணொளியில் வர்ணனை கேட்கும்போது இது தெரியாவிட்டால் பாதிப் பெயர்கள் பிடிபடாது.

எனக்குப் பிடித்த சொல் 'டொர்சீடா'. ரசிகர் கூட்டம் என்று பொருள். அதன் வேர்ச்சொல்லுக்கு முறுக்குதல், பிழிதல் என்று அர்த்தம். ஆட்டம் இழுபறியாக இருக்கும்போது கையிலிருக்கும் துண்டை முறுக்கிக்கொண்டு நிற்பவர்களை நம் மைதானங்களிலும் பார்த்திருக்கிறோமே.

கூட்டத்தின் எண்ணிக்கையைக் குறிக்கும்போது 'பகாஞ்சிஸ்' என்று ஒரு சொல்லும் 'ப்ரெசெஞ்சிஸ்' என்று ஒரு சொல்லும் வரும். முதலாவது டிக்கெட் வாங்கியவர்கள், இரண்டாவது உள்ளே இருந்த எல்லாரும். 1977 அக்டோபர் 9-இல் சாவோ பாவுலோ நகரத்து மொரும்பி மைதானத்தில் நடந்த ஆட்டத்துக்கு 1,38,032 என்றும் 1,46,082 என்றும் இரண்டு எண்கள் கிடைக்கும். இரண்டுமே சரி. எது எது என்று எழுதாவிட்டால்தான் தவறு.

ஓர் ஆட்டத்தை மட்டும் அருகில் போய்ப் பாருங்கள்

நூறு வருடத்து ஆட்டங்களையும் எழுத முடியாது. ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள், அதை மைதானத்தில் நடத்திக் காட்டும் அளவுக்குத் தெரிந்துகொள்ளுங்கள். அது தோற்ற ஆட்டமாக இருக்கட்டும். வெற்றி பெற்றவர்கள் கோப்பையைத் தூக்கும் படத்தோடு நின்றுவிடுவார்கள். தோற்றவர்கள்தான் ஒவ்வொரு நொடியையும் நினைவில் வைத்திருப்பார்கள். ஆகவே தோற்ற ஊரில்தான் விவரம் கிடைக்கும்.

நான் எடுத்தது 1977-ஆம் ஆண்டு சாவோ பாவுலோ மாநில இறுதி. போன்டே பிரேட்டாவுக்கு எதிரே சாவோ பாவுலோ நகரத்தின் கொரிந்தியன்ஸ் அணி. மூன்று ஆட்டங்களும் மொரும்பியிலேயே நடந்தன. காம்பினாஸில் ஒன்றுகூட நடக்கவில்லை. அக்டோபர் 5-இல் கொரிந்தியன்ஸ் 1-0. அக்டோபர் 9-இல், நான் மேலே சொன்ன அந்தக் கூட்டத்தின் நடுவே, போன்டே பிரேட்டா 2-1 என்று வென்று அந்தக் கூட்டத்தின் வாயை அடைத்தது. மூன்றாவது ஆட்டம் அக்டோபர் 13.

அன்றைய போன்டே பிரேட்டா சாதாரண அணி அல்ல. கோல்கீப்பர் கார்லோஸ், பின்களத்தில் ஆஸ்கார், போலோசி. மூவரும் மறு ஆண்டு உலகக் கோப்பைக்குப் பிரேசில் அணியில் போனவர்கள். நடுக்களத்தில் டிகா, அதே ஊரில் பிறந்து, ஃப்ரீ கிக்குக்குப் பெயர் வாங்கியவர். முன்கள வீரர் ஹூய் ஹே அந்த மூன்றாவது ஆட்டம் சூடு பிடிப்பதற்குள்ளேயே நடுவரோடு வாக்குவாதம் செய்து வெளியேற்றப்பட்டார். பத்துப் பேரோடு தாக்குப் பிடித்தார்கள். இரண்டாம் பாதியின் 36-ஆம் நிமிடம்.

அந்த நிமிடத்தை மைதானத்தில் ஆறு பிள்ளைகளை நிறுத்தி நடத்திக் காட்டுவேன். வலது பக்கத்தில் ஒருத்தி ஸே மரியா. ஃப்ரீ கிக்கை உயர்த்திப் போடுகிறாள். கோலுக்கு முன்னால் நிற்பவள் வாகின்யோ. உதைக்கிறாள், பந்து குறுக்குக் கம்பத்தில் பட்டுத் திரும்புகிறது. அதைத் தலையால் முட்டுபவள் விளாடிமிர். கோல் கோட்டின்மேல் நிற்கிறாள் எங்கள் ஆஸ்கார். பந்து அவள் தலையில் பட்டுத் திரும்புகிறது. இந்த இடத்தில் நிறுத்துவேன். எல்லாரும் அப்படியே நிற்பார்கள். 'இப்போது பந்து எங்கே இருக்கிறது? அது ஒரு சாண் இந்தப் பக்கமோ அந்தப் பக்கமோ போயிருந்தால்?' என்று கேட்பேன். பந்து போய் விழுந்த இடத்தில் பசிலியோ நின்றார். அடித்தார். 1-0.

கொரிந்தியன்ஸ் 22 வருடம் 8 மாதம் காத்திருந்து பெற்ற பட்டம் அது. இங்கேயும் தேதிக் கட்டங்கள் உதவும்: அவர்கள் அதற்கு முன் பெற்ற பட்டம் 1954-ஆம் ஆண்டுப் போட்டிக்கு உரியது, ஆனால் அது முடிவானது 1955 பிப்ரவரி 6-இல். அதனால்தான் சிலர் 23 வருடம் என்றும் சிலர் 22 என்றும் எழுதுகிறார்கள். பிரேசிலில் பசிலியோவின் அந்தக் காலைத் தெரியாதவர் குறைவு. கோட்டின்மேல் நின்ற தலையைப் பற்றி எழுத நாம் இருக்கிறோம்.

ஹூய் ஹே வெளியேற்றப்பட்டது பற்றி அங்கே இன்றுவரை பலவிதப் பேச்சு உண்டு. நடந்ததை எழுதுங்கள்: எப்போது, எதற்காக, எந்த நடுவர். பேச்சை எழுதாதீர்கள். உயிரோடு இருக்கும் ஒருவரின் பெயரில் நம்மால் நிரூபிக்க முடியாத ஒன்றை எட்டாம் வகுப்புப் பிள்ளையின் நோட்டில் ஏற்றுவது பாவம்.

மைதானத்துக்கு ஒரு தனிப் பக்கம்

போன்டே பிரேட்டாவின் மைதானம் மோயிசெஸ் லுகரெல்லி. அதைக் கட்ட முன்னின்று உழைத்தவரின் பெயர். ரசிகர்கள் செங்கல் செங்கலாகக் கொண்டுவந்து கொடுத்தார்கள். சித்தாள் வேலையும் தாங்களே செய்தார்கள். 1948 செப்டம்பர் 12-இல் திறப்பு விழா ஆட்டத்தில் பிராசிகாபா ஊர் அணியிடம் 0-3 என்று தோற்றார்கள். பிள்ளைகள் இதைக் கேட்டு முகம் சுளிப்பார்கள். எனக்கு இந்த 0-3 மிகவும் வேண்டியது. செங்கல் சுமந்தவர்கள் மறு வாரமும் வந்து உட்கார்ந்தார்கள், அதற்கு மறு வாரமும் வந்தார்கள்.

2013-இல் இதே அணி தென்னமெரிக்கக் கோப்பையான சுடமெரிகானாவின் இறுதிக்குப் போனது. அரையிறுதியில் சாவோ பாவுலோ என்ற அணியை அதன் சொந்த மொரும்பியிலேயே 3-1 என்று வென்றது. ஆனால் போட்டி விதி கேட்ட அளவுக்கு இருக்கைகள் இல்லாததால், ரசிகர்கள் கட்டிய மைதானத்தில் இறுதியை நடத்த முடியவில்லை. சாவோ பாவுலோ நகரத்தின் பக்காயெம்பு மைதானத்துக்குப் போக வேண்டியிருந்தது. அங்கே அர்ஜென்டினாவின் லானூஸோடு 1-1. அடுத்து லானூஸ் ஊரில் 0-2. அதே ஆண்டு தேசியப் போட்டியின் முதல் பிரிவிலிருந்தும் இறங்கினார்கள். ஒரே வருடத்தில் இவ்வளவு உயரமும் இவ்வளவு பள்ளமும். நோட்டில் இந்த இரண்டையும் எதிரெதிர்ப் பக்கங்களில் எழுதுங்கள்.

எதிரியின் வீட்டுக்கும் போய் வாருங்கள்

ஒரு கழகத்தைப் பற்றி அதன் ரசிகர்கள் எழுதியதை மட்டும் படித்தால் பாதிதான் கிடைக்கும். பக்கத்து வீட்டுக்காரரிடமும் கேட்க வேண்டும். காம்பினாஸில் அது உண்மையாகவே பக்கத்து வீடுதான். இரண்டு மைதானங்களுக்கும் இடையே நடந்தே போய்விடலாம்.

குவாரனியின் பெயர் ஓர் இசை நாடகத்திலிருந்து வந்தது. காம்பினாஸில் பிறந்த கார்லோஸ் கோமெஸ் இசையமைத்து, 1870-இல் மிலான் நகரத்து லா ஸ்காலா அரங்கில் முதலில் நிகழ்த்தப்பட்ட நாடகம் அது. மைதானத்தின் பெயர் 'இளவரசியின் தங்கத் தோடு'. காம்பினாஸுக்கு 'மேற்கின் இளவரசி' என்று பெயர் உண்டு. கட்டப்போகும் மைதானத்தின் மாதிரியைப் பார்த்த பத்திரிகையாளர் ஒருவர் இளவரசிக்கு ஒரு தங்கத் தோடு என்று தலைப்புப் போட்டார், அதுவே நிலைத்துவிட்டது. 1953-இல் திறந்தார்கள்.

1978-இல் இந்த அணி நாட்டின் சாம்பியன் ஆனது. இறுதியின் முதல் ஆட்டம் ஆகஸ்ட் 10, மொரும்பியில், பால்மெய்ராஸோடு. பால்மெய்ராஸ் கோல்கீப்பர் லியாவோ, குவாரனியின் கரேக்காவை அடித்ததற்காக வெளியேற்றப்பட்டார், பெனால்டியும் கிடைத்தது. மாற்று ஆட்டக்காரர்கள் தீர்ந்துவிட்டதால் எஸ்குரீன்யோ என்ற ஆட்டக்காரர் கையுறை மாட்டிக்கொண்டு கோலில் நின்றார். அந்தப் பெனால்டியைக் குவாரனியின் ஸெனோன் கோலாக்கினார். 13-ஆம் தேதி, தங்கத் தோட்டில், கரேக்கா ஒரு கோல். அவருக்கு அப்போது 17 வயது. கரேக்கா என்பது பட்டப்பெயர். சிறு வயதில் அவருக்குப் பிடித்த ஒரு சர்க்கஸ் கோமாளியின் பெயரிலிருந்து வந்தது. தமிழில் சொன்னால் 'மொட்டை'. 'இன்டெரியோர்' ஊரிலிருந்து பிரேசிலின் தேசியப் பட்டம் வென்ற ஒரே அணி இன்றும் குவாரனிதான்.

இந்தக் கரேக்காதான் 1987 பிப்ரவரியில் அதே தங்கத் தோட்டுக்கு வந்தார், ஆனால் சாவோ பாவுலோ அணியின் சட்டையில். குவாரனி 3-2 என்று முன்னிலை. கூடுதல் நேரமும் முடியப்போகும் கடைசி நிமிடத்தில் அவர் அடித்த கோல் 3-3 ஆக்கியது. பெனால்டியில் குவாரனி தோற்றது. வளர்த்த ஊரிலேயே வந்து அடித்த கோல். பிள்ளைகளிடம் இதைச் சொல்லிவிட்டு, 'நீங்கள் அவர் இடத்தில் இருந்தால் அடித்திருப்பீர்களா?' என்று கேட்டால் தாழ்வாரம் இரண்டாகப் பிரிந்துவிடும். இது வரை எந்த வருடமும் முடிவுக்கு வந்ததில்லை.

எங்கே சரிபார்ப்பது? பிரேசில் தேசிய நூலகம் பழைய செய்தித்தாள்களை ஹெமரோடெக்கா டிஜிட்டல் என்ற பெயரில் இலவசமாக வைத்திருக்கிறது. தேதி தெரிந்தால், ஆட்டத்துக்கு மறுநாள் பத்திரிகையைத் திறந்து பார்க்கலாம். எழுத்து மங்கலாக இருக்கும். படத்தைப் பெரிதாக்கி, எண்களை மட்டும் படித்தாலே போதும். நேரடி ஆட்டம் பார்க்க ஆசைப்பட்டால், அவர்கள் நேரத்தோடு எட்டரை மணி நேரம் கூட்டிக்கொள்ளுங்கள். அங்கே இரவு ஒன்பதரை ஆட்டம், இங்கே காலை ஆறு மணி.

பிறகு, உங்கள் ஊர்

இந்த நோட்டை முடித்தவர்களிடம் இன்னொரு நோட்டு வாங்கச் சொல்கிறேன். கேள்விகள் அதேதான். ஊர் எதனால் வளர்ந்தது? பெயர் எங்கிருந்து வந்தது? என்ன சொல்லி ஏசினார்கள்? மைதானத்தை யார் சமப்படுத்தினார்கள்? எந்தத் தோல்வியை மறக்கவில்லை?

போன வருடம் இதே கேள்விகளோடு நான்கு பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு, இருபது கொண்டை ஊசி வளைவுகளும் இறங்கி, சூரமங்கலத்தில் ஓய்வு பெற்ற ரயில்வேக்காரர் ஒருவர் வீட்டுக்குப் போனேன். எண்பது வயதுக்கு மேல் இருக்கும். அவருடைய மனைவி தட்டுவடை செட்டும் காப்பியும் கொடுத்தார். ஏற்காட்டுக் காப்பி என்று அவரே சொன்னார். ஐயா பீரோவிலிருந்து ஒரு படத்தை எடுத்தார். பதினோரு பேர். ஏழு பேர் காலில் பூட்ஸ் இல்லை. கணுக்காலில் துணி சுற்றியிருந்தார்கள்.

"இது எந்த வருடம், தாத்தா?" என்று கேட்டாள் எங்கள் இடது பின்கள ஆட்டக்காரி.

"வருடம் ஞாபகம் இல்லை, கண்ணு. என் மூத்த பெண் பிறந்து நாற்பது நாள் ஆகவில்லை. தீட்டு வீட்டிலிருந்து ஆடப் போகிறான் என்று என் அம்மா சத்தம் போட்டார்கள்."

முதியவர்களிடம் வருடத்தைக் கேட்கக் கூடாது என்று அன்று கற்றுக்கொண்டோம். வீட்டில் என்ன நடந்துகொண்டிருந்தது என்று கேட்க வேண்டும். அந்த மூத்த பெண்ணின் பள்ளிச் சான்றிதழில் பிறந்த தேதி இருந்தது, நாற்பது நாட்களைக் கூட்டினோம், மாதமே கிடைத்துவிட்டது.

பிறகு ஒவ்வொரு முகமாக விரல் வைத்துக் கேட்டோம். நான்கு பேருக்கு இயற்பெயர் அவருக்கே தெரியவில்லை. கோல்கீப்பர் 'பூனை'. நடுவில் நிற்பவர் 'மொட்டை', தலை நிறைய முடியோடு. இன்னொருவரின் பட்டப்பெயரைச் சொல்லாமல் சற்று நேரம் இருந்துவிட்டு, அது சாதியைக் குறித்து எதிரணி ஆட்கள் வைத்த பெயர் என்றார். "அவன் அதைக் கேட்டால் இரண்டு கோல் அடிப்பான்," என்றார். அந்தப் பெயரை எழுதலாமா என்று அவரிடமே கேட்டோம். அவருடைய மகன் இருக்கிறார், அவரிடம் கேட்டுவிட்டு எழுதுங்கள் என்று முகவரி கொடுத்தார். கேட்காமல் எழுதாதீர்கள்.

படத்தைக் கைப்பேசியில் எடுத்துக்கொண்டு, மூலத்தை அவரிடமே கொடுத்துவிட வேண்டும். கொடுப்பதற்கு முன் பின்பக்கத்தில் வரிசைப்படி பெயர்களை எழுதுங்கள்: நிற்பவர்கள் இடமிருந்து வலம், உட்கார்ந்திருப்பவர்கள் இடமிருந்து வலம். பேனாவால் எழுதினால் மை நாளாக நாளாக ஊறி முகத்தின் மேல் வந்துவிடும். மெல்லிய பென்சிலால், அழுத்தாமல் எழுதுங்கள்.